மாசம் திறக்கிற கை

"தண்ணி ஊத்துறது நானு, சாம்பிராணி காட்டுறது நானு, பாயப் போட்டுப் பக்கத்துல காவலுக்குப் படுக்கிறது நானு, அந்தச் செடி என்னடான்னா மதினி வீட்டுப் பக்கமே மூஞ்சியத் திருப்பிக்கிட்டு நிக்குது. போகும்போது அது காதுல என்னத்தையோ ஓதி அனுப்பியிருக்கா. முண்டச்சி வயித்தெரிச்சல் சும்மா விடுமா."

இது காந்திமதி சொன்னது. நான் ஒரு எழுத்து கூட்டவில்லை, குறைக்கவும் இல்லை. அவள் தன் அடுப்படியில், மிக்ஸி ஓடுகிற சத்தத்துக்கு நடுவில், தன் புருஷனிடம் சொன்னது இது. மறுநாள் சாயங்காலம் தெருக்குழாய்ப் பக்கத்தில் நிற்கும் முணுமுணுப்பான் செடி, குடத்தோடு நின்ற அத்தனை பெண்களுக்கும் கேட்கும்படி, அவள் குரலிலேயே, மிக்ஸி சத்தத்தையும் சேர்த்துச் சொல்லிவிட்டது. நான் குடத்தை அப்படியே இறக்கி வைத்துவிட்டு அவள் வாசலுக்குப் போனேன்.

காந்திமதி எனக்கு வேற்றாள் இல்லை. என் புருஷனின் கூடப்பிறந்த தங்கச்சி. என் மகள் சிவரஞ்சனியைத் தன் மகன் மாரீஸ்வரனுக்குக் கட்டியவள். நாத்தனாரும் அவள்தான், சம்பந்தியும் அவள்தான், ஆகவே திட்டுகிற உரிமை எங்கள் இரண்டு பேருக்குமே இரட்டிப்பு.

"யாருடி முண்டச்சி? செத்தது என் புருஷன் மட்டுமா, உன் அண்ணனும்தான?" என்று கேட்டேன்.

முணுமுணுப்பான் மாதத்தில் வீட்டுக்குள் இருந்து யாரும் பதில் சொல்வதில்லை, சொன்னால் அடுத்த நாள் தெரு கேட்கும். சண்டை போட வேண்டுமானால் வெளியே வந்துதான் போட வேண்டும். அவள் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டே படியிறங்கி வந்தாள், வந்து கையை எடுத்தாள். "பூவ விடச் சொல்லுங்க மதினி. ரஞ்சி வயித்துல இருக்கிறது எனக்கு மட்டுமா பேரப்பிள்ள, உங்களுக்கும்தான?" என்றாள். குழாயடி மொத்தமும் என்னைப் பார்த்தது. எல்லோர் பார்வையிலும் ஒரே குற்றச்சாட்டு, நான்தான் ஊரின் பிள்ளைகளைப் பிறக்கவிடாமல் பிடித்து வைத்திருக்கிறேன் என்று.

எங்கள் ஊரில் காலண்டர் அச்சடிக்கிறார்கள். எங்கெங்கோ இருக்கும் நகைக்கடைக்கும் ஜவுளிக்கடைக்கும் மளிகைக்கடைக்கும் தேதி போட்டுக் கொடுப்பது நாங்கள்தான். ஒரு வருஷம், கட்டுக்கட்டாக அடுக்கி லாரி ஏற்ற வைத்திருந்த தினசரிக் காலண்டர்களில் இருந்து தேதிகள் உதிர்ந்தன. ஈரக்காற்று என்றார்கள், மை சரியில்லை என்றார்கள், அதற்குள் வீட்டுச் சுவர்களில் மாட்டியிருந்தவையும் உதிர்ந்தன. சிவப்பு ஞாயிறும் கறுப்புத் திங்களும், பிறையும் பௌர்ணமியும், ராகுகாலமும் எமகண்டமும் கடுகு டப்பா கவிழ்ந்தது போலத் தரையெல்லாம் கிடந்தன. செல்போனில் தேதி தெரிந்தது, ஆனால் பார்த்துவிட்டுத் தலையைத் திருப்புவதற்குள் மறந்துபோனது. ஆண்கள் தெருமுனையில் கூடி நின்று இதற்கு யார் பொறுப்பு என்று பேசினார்கள். பெண்கள் கூட்டி அள்ளினோம். அள்ளியதைக் கொல்லையில் கொட்டினோம். கொட்டிய இடத்தில் செடி முளைத்தது. இதில் வாயைப் பிளக்க ஒன்றுமில்லை, கொல்லையில் எதைக் கொட்டினாலும் ஏதாவது முளைக்கத்தான் செய்யும்.

முதலில் பூத்தது கிழக்குக் கடைசி வீட்டு உப்புப்பூ. அது பூத்திருந்த நாளெல்லாம் தெருவில் எந்தக் குழம்புக்கும் உப்புப் போட வேண்டியிருக்கவில்லை, பழக்கதோஷத்தில் போட்டவர்கள் கீழே கொட்டினார்கள். அது வாடியதும் விசும்பி பூத்தது, அழுது ஓய்ந்த குழந்தை தூக்கத்தில் விசும்புமே அதைப் போலப் பொழுது சாயும்போது விசும்பியது. செத்தவர்களுக்குத் திதி கொடுப்பதை எல்லோரும் அந்த மாதத்துக்கு மாற்றிக்கொண்டார்கள், அழுகிற வேலையைச் செடி பார்த்துக்கொள்ளும் என்று. பிறகு பொன்னடுக்கு, அதன் வெளிச்சத்தில் கவரிங் வளையல்கூடத் தங்கமாக மின்னும், ஆகவே கல்யாணங்கள் அதில். பிறகு சோம்பல்பூ, பள்ளிக்கூடத்துக்கு லீவு. இன்னும் சில. பிறகு குழாயடியில் கொட்டியதில் முளைத்த முணுமுணுப்பான், அது வாடினால் வெந்நீர்ப்பூ, அதோடு வருஷம் முடிந்து மறுபடி உப்பு.

வெந்நீர்ப்பூ என் கொல்லைச் செடி. வெள்ளைக் கிண்ணம் போல, இரண்டு உள்ளங்கை அகலத்துக்கு விரியும். உள்ளே தண்ணீர் ஊறும், முழங்கையை வைத்துப் பார்த்தால் சுடாத சூடு, பச்சைப்பிள்ளையைக் குளிப்பாட்டுகிற சூடு.

ஊர் பழகிவிட்டது. ஜோசியர் கொஞ்ச நாள் தலையில் கைவைத்து உட்கார்ந்திருந்தார், பிறகு இதெல்லாம் தனக்கு முன்பே தெரியும் என்று சொல்லி எந்த ராசிக்கு எந்தப் பூ ஆகாது என்று பலன் சொல்ல ஆரம்பித்தார். அச்சாபீஸ்காரர்கள் எண் இல்லாத காலண்டர் அடித்தார்கள், தாளுக்குப் பதில் இதழ், காலையில் ஒன்றைக் கிழிக்க வேண்டும். கட்சிக்காரர்கள் தங்கள் கொடி நிறத்தில் பூக்கிற மாதம்தான் வருஷப் பிறப்பு என்று சண்டை போட்டார்கள். பத்திரிகைகளில் 'நிகழும் பொன்னடுக்கு மாதம், வெளி இதழ் வாடுமுன்' என்று முகூர்த்தம் குறித்தார்கள், வெளியூர் சொந்தக்காரர்கள் ஃபோன் போட்டு, அது எங்க ஊருக்கு என்னைக்கு என்று கேட்டு, பதில் கிடைக்காமல் முன்கூட்டியே வந்து உட்கார்ந்து வீட்டுக்காரர்களைக் காலி செய்தார்கள். வெந்நீர்ப்பூ மாதத்தில் பிறக்கும் பிள்ளை ஆயுசு கெட்டி என்று யாரோ சொல்லப்போக, முதலில் பெண்கள் அதை நம்பினார்கள், பிறகு டாக்டர்கள் ஒத்துக்கொண்டார்கள், கடைசியில் வயிற்றுப் பிள்ளைகளும் பழகிவிட்டன. மற்ற மாதங்களில் எங்கள் ஊரில் பிள்ளை பிறப்பதே நின்றுபோனது. நாயும் பூனையும் மட்டும் இதற்குக் கட்டுப்படவில்லை. அவற்றுக்குச் சங்கம் இல்லை.

எங்களுக்கு இருந்தது. பூமாதப் பாதுகாப்புச் சங்கம். தலைவர் காந்திமதியின் புருஷன் தனுஷ்கோடி அண்ணாச்சி. ஒரு செடிகூட இல்லாத வீட்டுக்காரர் எப்படித் தலைவரானார் என்று கேட்கக் கூடாது. தேதிகள் உதிர்ந்த அன்று அவர் வீட்டில் கூட்டியது வேலைக்காரி, அவள் அள்ளியதை முனிசிபாலிட்டித் தொட்டியில் போட்டுவிட்டாள். அதனால் தெருவில் செடி முளைக்காத ஒரே கொல்லை காந்திமதியுடையது. அந்த ஏக்கம் அவளுக்கு இருந்தது. யார் வீட்டு மாதம் பிறந்தாலும் முதல் ஆளாக வந்து நின்று பூவைத் தொட்டுப் பார்த்துவிட்டு, நம்ம வீட்டுலயும் இருந்திருக்கலாம் என்று பெருமூச்சு விடுவாள். எனக்கே பாவமாக இருக்கும், அதையும் சொல்லிவிட வேண்டும்.

மாதம் தானாகப் பிறக்காது. யார் கூட்டி அள்ளினாளோ அவள் கைக்குத்தான் மொட்டு அவிழும். அவள் முதல் பூவைப் பறித்துக்கொண்டு தெருவுக்கு வந்து, மாசம் திறந்தாச்சு என்று சொல்ல வேண்டும். சொன்ன பிறகுதான் பழைய மாதத்துப் பூ வாடும்.

இந்த வருஷம் பொன்னடுக்கில், ஒரு கல்யாணப் பந்தியில், இரண்டாம் தடவை பாயசத்துக்குக் கையை நீட்டியவர் நீட்டியபடியே சாய்ந்தார் என் புருஷன் வேலாயுதம். கெட்டவர் இல்லை. வீட்டில் எந்தப் பொருள் எங்கே இருக்கிறது என்று கடைசிவரை தெரியாதவர், அவ்வளவுதான். கருமாதி முடிந்து பந்தல் பிரிக்கும்போதே சங்கம் வந்தது.

"மாசத்தத் திறக்கிற கை மங்கலமான கையா இருக்கணும் தங்கச்சி. உன்னக் குறை சொல்லல. ஊர் நல்லதுக்கு," என்றார் அண்ணாச்சி.

கூட்டி அள்ளியது இந்தக் கை, என் புருஷன் ஒருநாளும் விளக்குமாற்றைத் தொட்டதில்லை, அவர் போனதற்கும் செடிக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்டேன். கான்வென்ட் வாய், என்று பின்னால் ஒருவர் சொன்னது காதில் விழுந்தது. ரொம்ப மரியாதையாகத்தான் எடுத்துப்போனார்கள்; எங்கள் ஊரில் ஒன்றைப் பிடுங்கும்போது மரியாதை கூடிவிடும். வேரோடு தோண்டி, சிமெண்ட் தொட்டியில் வைத்து, பட்டுத் துண்டு சுற்றி, மேளம் வைத்து, காந்திமதி வீட்டுக் கொல்லையில் இறக்கினார்கள். அவள் அன்று கட்டியிருந்தது முகூர்த்தப் புடவை. அண்ணன் செத்த தீட்டு முடிந்த மறுநாள்.

முணுமுணுப்பான் பூத்தது. அதன் காலம் முடிந்தது. வாடவில்லை. வெந்நீர்ப்பூச் செடியில் முள்ளங்கி அளவுக்கு மொட்டுகள் வந்து நின்றன, நின்றதோடு சரி. காந்திமதி கற்பூரம் காட்டினாள், பாலூற்றினாள், தங்கமே என்றாள், தாயே என்றாள், காலில் விழுந்தாள். மொட்டு அசையவில்லை. நான் என்ன மந்திரம் சொல்வேன் என்று கேட்டு ஆள் அனுப்பினார்கள்.

மந்திரமாவது மண்ணாவது, திட்டுவேன், என்று உண்மையைத்தான் சொன்னேன். எங்கள் கான்வென்ட்டில் சிஸ்டர் பெனடிக்டா என்று ஒருவர் இருந்தார், ஸ்கேலை விளிம்பு பார்த்துத் திருப்பி விரல் கணுவில் தட்டிக்கொண்டே, உன்னைப் போல ஒரு மக்கை நான் பார்த்ததில்லை என்பார். அவரிடம் படித்த எல்லோரும் உருப்பட்டோம், ஒருத்தியும் அவரை மன்னிக்கவில்லை. ஒன்றை வளர்ப்பதற்கு எனக்குத் தெரிந்த வழி அது ஒன்றுதான், மகளையும் அப்படித்தான் வளர்த்தேன். காலையில் அரிசி களைந்த தண்ணீரை எடுத்துப்போய்ச் செடிக்கு ஊற்றிக்கொண்டே, அன்றைக்கு யார் மேல் என்ன கோபமோ அதையெல்லாம் அதனிடம் தீர்ப்பேன். பக்கத்து வீட்டுச் செடி எப்படித் தளதளவென்று நிற்கிறது, நீ ஏன் இப்படிச் சவலைப்பிள்ளை மாதிரி நிற்கிறாய் என்பேன். அது ரோஷத்தில் பூக்கும். நான் சொன்னதை ஒருவரும் நம்பவில்லை. காந்திமதி ஒருநாள் முயற்சி செய்தாளாம், ஏ செடியே என்று ஆரம்பித்து, சாமி குத்தம் ஆகிவிடும் என்று பயந்து, கன்னத்தில் போட்டுக்கொண்டு உள்ளே போய்விட்டாளாம். இதுவும் முணுமுணுப்பான் சொன்னதுதான்.

மாதம் நகராததால் ஊரே நாறியது. யார் வீட்டுப் பேச்சும் யாருக்கும் தெரியாமல் இல்லை. புருஷன் பெண்டாட்டி சிலேட்டில் எழுதிக் காட்டிப் பேசினார்கள், மாமியார்கள் சைகையில் வைதார்கள். பிள்ளைத்தாய்ச்சிகள் மட்டும் பெருத்துக்கொண்டே போனார்கள். எங்கள் சந்தில் எதிரெதிரே இரண்டு வயிறு வந்தால் ஒன்று திண்டாடிப் பின்வாங்க வேண்டியிருந்தது.

அதில் ஒரு வயிறு என் ரஞ்சியுடையது. வளைகாப்பு முடிந்து தலைப்பிரசவத்துக்குத் தாய்வீடு வந்தவள். முதலில் நன்றாகத்தான் இருந்தாள், மாங்காய் கேட்டாள், சீரியல் பார்த்தாள், என்னைக் குறை சொன்னாள். பிறகு கால் வீங்கியது, முகம் வீங்கியது, மோதிரம் கழற்ற சோப்புப் போட வேண்டிவந்தது. வலி வரும், கட்டிலின் கம்பியைப் பிடித்துக்கொண்டு கத்துவாள், ஆஸ்பத்திரிக்கு ஓடுவோம், வாசலுக்குப் போனதும் வலி நின்றுவிடும். ஸ்கேனில் பிள்ளை பஸ்ஸுக்குக் காத்திருக்கிற ஆள் மாதிரி கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தது. கிழித்தாவது எடுங்கள் என்றேன். லேடி டாக்டர், எடுக்கலாம்மா, நல்ல நாள் பார்த்துத் தேதி சொல்லுங்கள் என்றார். எங்கள் ஊரில் ஜோசியரைக் கேட்காமல் யாரும் வயிற்றில் கத்தி வைப்பதில்லை. ஜோசியரோ, நடப்பதே முடிந்துபோன மாதம், முடிந்துபோன மாதத்தில் நாள் ஏது என்றார். தேதியில்லாமல் ஆபரேஷன் தியேட்டர் திறக்க மாட்டோம் என்றது ஆஸ்பத்திரி. இரண்டு பேரிடமும் நான் பேசாத பேச்சில்லை. இரண்டு பேரும் பணிவாகக் கேட்டுக்கொண்டார்கள்.

காந்திமதி வாசலில் நான் சண்டை போட்டதற்கு இரண்டு நாள் கழித்து, லேடி டாக்டர் கருவியை ரஞ்சி வயிற்றில் வைத்துக் கேட்டுவிட்டு, என்னை மட்டும் வெளியே கூப்பிட்டார். துடிப்பு தளருதும்மா, என்றார். அது எவ்வளவு காலம் காத்திருக்கும், அதுவும் ஒரு உயிர்தானே, என்றார்.

அன்றைக்குச் சாயங்காலம் தனுஷ்கோடி அண்ணாச்சி எங்கள் வாசலுக்கு எதிரே, நடுத்தெருவில் வந்து நின்றார். உள்ளே வரவில்லை, வந்து பேசினால் செடி சொல்லிவிடும். நான் கோலமாவு டப்பாவோடு வெளியே வந்தேன். அவர் வேப்பமரத்தைப் பார்த்துக்கொண்டு பேசினார்.

"மத்தியானம் சீரியல் ஓடுற நேரம் தெருவுல ஆள் இருக்காது. பின்வாசலத் தெறந்து வைக்கச் சொல்றேன். முக்காடு போட்டுக்கிட்டு வந்து, நீ வழக்கமா என்ன பண்ணுவியோ பண்ணிட்டுப் போயிரு தங்கச்சி. பூவ வெளிய எடுத்துட்டு வாரது காந்திமதியா இருக்கட்டும்."

"கை வேணும், மூஞ்சி வேண்டாம்."

"அப்படிச் சொல்லாத."

"வேற எப்படிச் சொல்றது? நீங்க சொல்லுங்க, நான் திருப்பிச் சொல்றேன்."

அவர் துண்டைத் தோள் மாற்றிப் போட்டார். பட்டப்பகலில், முன்வாசல் வழியாக, எல்லோரும் பார்க்க வந்து திறக்கிறேன் என்றேன். அப்படிச் செய்தால் சங்கத்தின் தீர்மானம் என்னாவது, நாளைக்கு ஒவ்வொருத்தரும் ஒவ்வொன்று கேட்பார்கள், ஊர் ஒழுங்கு போய்விடும் என்றார். பேரப்பிள்ளையின் துடிப்பு தளர்கிறது என்றேன். தெரியும் தங்கச்சி, என்று சொல்லிவிட்டுத் துண்டால் முகத்தைத் துடைத்தார். உண்மையிலேயே அழுதார் என்றுதான் நினைக்கிறேன். அழுதாலும் முன்வாசலைத் திறக்க அவருக்கு மனம் வரவில்லை.

ரஞ்சி ஜன்னல் வழியாக எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்தாள். அவர் போனதும் படியிறங்கி வந்து என்னைப் பிடித்துக்கொண்டாள். அவள் எனக்காக ஒரு வார்த்தை பேசுவாள் என்று நினைத்தேன். பெற்றவளுக்கு அந்த ஆசைகூட இருக்கக் கூடாதா.

"உனக்கு ஜெயிக்கணும், அவ்வளவுதான," என்றாள். "பின்வாசல் வழியாப் போனா உன் காலு தேஞ்சிரவா போகுது? நாளைக்கு நான் அந்த வீட்டுலதாம்மா வாழணும். நீ செஞ்சதுன்னு வெளிய தெரிஞ்சா அத்தை தெருவுல தலை காட்ட முடியாது, அத என் தலையிலதான் இறக்குவாங்க. சொல்ல மாட்டேன்னு சத்தியம் பண்ணு. பிள்ளை மேல பண்ணு."

அவள் என் கையை இழுத்துத் தன் வயிற்றின் மேல் வைத்தாள். அடியில் ஒன்றுமே அசையவில்லை, எங்கோ ஆழத்தில் கடிகாரம் மாதிரி ஒரு சின்னத் தட்டல், நின்று, பிறகு ஒன்று. சத்தியம் செய்தேன். வாயால் சொல்ல மாட்டேன் என்றுதான் சத்தியம். எழுத மாட்டேன் என்று அவள் கேட்கவும் இல்லை, நான் சொல்லவும் இல்லை.

மறுநாள் மத்தியானம், தெருவின் எல்லா வீட்டு டிவியிலும் ஒரே மாமியார் ஒரே மருமகளை அதட்டிக்கொண்டிருந்த நேரத்தில், அரிசி களைந்த தண்ணீரைத் தூக்குவாளியில் எடுத்துக்கொண்டு, பழைய கறுப்புச் சால்வையைத் தலையில் போட்டு, சாக்கடை ஓரச் சந்து வழியாகப் போனேன். மீன்காரியும் குப்பை எடுப்பவளும் போகிற வழி. பின்வாசல் திறந்திருந்தது. காந்திமதி எனக்கு முதுகைக் காட்டிக்கொண்டு சுவரைப் பார்த்து நின்றாள், பார்க்கவில்லை என்று பிறகு சத்தியம் செய்வதற்கு வசதியாக.

செடியைப் பார்த்ததும் எனக்கு வயிறு எரிந்தது. பட்டுத் துண்டு அழுக்கேறிக் கிடந்தது, இலையெல்லாம் குங்குமம், தொட்டியில் ஊற்றிய பால் திரிந்து எறும்பு மொய்த்தது, கொம்பில் ஒரு மணி வேறு கட்டியிருந்தார்கள். தலையை என் வீட்டுப் பக்கம் திருப்பிக்கொண்டு, அடம்பிடித்து மூலையில் நிற்கிற பிள்ளை மாதிரி நின்றது.

தண்ணீரை ஊற்றினேன். ஊற்றிக்கொண்டே ஆரம்பித்தேன். அடி மக்குச் செடியே, யாருக்காக இந்த வீராப்பு, உன்னை நான் கேட்டேனா, பட்டுச் சுற்றிக்கொண்டு மேளத்தோடு போகும்போது உனக்குக் கசந்ததா, இங்கே வந்து எனக்கு விசுவாசம் காட்டி என்னை ஊர்வாயில் போட்டாயே, உன் விசுவாசத்தை உப்புப் போட்டு ஊறவைக்கவா, என்றேன்; பிறகு அது செடியைத் தாண்டிப் போய்விட்டது, பாயசத்துக்குக் கை நீட்டிக்கொண்டு போய்ச் சேர்ந்த மனுஷா, போகும்போது என் கையிலிருந்து எதையெல்லாம் உருவிக்கொண்டு போனாய் என்று உனக்குத் தெரியுமா, உயிரோடு இருக்கும்போது ஒரு டம்ளரைக்கூடக் கழுவாதவன் செத்த பிறகு என் கையைக் கழுவிவிட்டாயே, என்றேன், துண்டால் முகம் துடைக்கிற தலைவரே, உங்கள் கண்ணீரையும் ஒழுங்கையும் ஒரே பானையில் வேக வையுங்கள் என்றேன், சுவரைப் பார்த்து நிற்கிறவளே, சின்ன வயதில் உனக்கு ஜடை பின்னிய கைதானடி இது, அப்போது மங்கலமாக இருந்ததா என்றேன், வயிற்றைத் தள்ளிக்கொண்டு எனக்கே சத்தியம் கேட்கிற மகளே, உன்னைப் பெற்றபோது நான் கட்டில் கம்பியைக் கடித்தேன், நீ என் கழுத்தைக் கடிக்கிறாய் என்றேன். சத்தமாகச் சொல்லவில்லை. பல்லைக் கடித்துக்கொண்டு, மூச்சுக்காற்றில் சொன்னேன்.

மொட்டுகள் அவிழ்ந்தன. ஒன்று, பிறகு அதன் பக்கத்தில் ஒன்று, பிறகு கொம்பு முழுக்க, யாரோ உள்ளிருந்து கதவைத் தள்ளியதைப் போல. கிண்ணங்களில் தண்ணீர் ஊறி ஆவி பறந்தது.

காந்திமதி திரும்பினாள். ஒரு கணம் என்னையே பார்த்தாள், ஏதோ சொல்லப்போகிறாள் என்று நினைத்தேன். "போயிருங்க மதினி, ஆளு வந்துரும்," என்றாள். சொல்லிக்கொண்டே முதல் பூவைப் பறித்தாள்.

நான் சந்து முனை சேர்வதற்குள் அவள் தெருவில் இருந்தாள். மாசம் திறந்தாச்சு என்ற அவள் குரல் கேட்டது, குலவை கேட்டது, வேட்டு கேட்டது. குழாயடியில் முணுமுணுப்பான் பொசுங்கிய தாள் மாதிரி சுருண்டது. அதனால் நான் அந்தக் கொல்லையில் சொன்னதை மறுநாள் அது சொல்லவில்லை. இந்த வருஷம் எங்கள் தெருவில் யார் பேசியதும் வெளியே வந்தது, நான் பேசியது மட்டும் வரவில்லை.

ஊரில் இருந்த வயிறுகளுக்கெல்லாம் ஒரே சமயத்தில் வலி எடுத்தது. ஆஸ்பத்திரி வராந்தாவிலும், ஷேர் ஆட்டோவிலும், ரேஷன் கடைப் படியிலும் பிள்ளைகள் பிறந்தன. ரஞ்சிக்குப் பெண் குழந்தை. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் வைத்துக் காட்டினார்கள். முகமெல்லாம் சுருங்கி, அதிகநேரம் தண்ணீரில் இருந்த விரல் மாதிரி, எல்லோரையும் முறைத்துக்கொண்டு இருந்தது. எனக்குப் பிடித்துப்போனது.

வெந்நீர்ப்பூவில் ஊறிய தண்ணீரில்தான் பிள்ளைக்கு முதல் குளியல், அதைச் செடி இருக்கிற வீட்டில் மாதம் திறந்தவள் ஊற்ற வேண்டும். நான்தான் இத்தனை வருஷமும் ஊர்ப் பிள்ளைகளுக்கெல்லாம் ஊற்றினேன். தாய்வீட்டுக்கு வர வேண்டிய ரஞ்சியை ஆஸ்பத்திரியிலிருந்து நேராகக் காந்திமதி வீட்டுக்குக் கொண்டுபோனார்கள். மாரீஸ்வரன் வந்து சொன்னான், அத்தை, நீங்களும் வாங்க, கொஞ்சம் பின்னால நின்னுக்கோங்க, சங்கத்துக்காரங்க இருப்பாங்க என்று. நல்ல பையன். குரலை உயர்த்தியே பேச மாட்டான், எதற்காகவும்.

போனேன். துவைக்கிற கல்லுக்குப் பக்கத்தில் நின்றேன். கொல்லை நிறையப் பெண்கள், எல்லோர் தலையிலும் பூ. காந்திமதி மணையில் உட்கார்ந்து காலை நீட்டியிருந்தாள், நீட்டிய கால் மேல் பிள்ளை கவிழ்ந்து கிடந்தது. ரஞ்சி கதவோரம் நாற்காலியில் சாய்ந்திருந்தாள். தனுஷ்கோடி அண்ணாச்சி ஃபோட்டோக்காரருக்கு எங்கே நிற்க வேண்டும் என்று சொல்லிக்கொண்டிருந்தார். பூவாகப் பறித்து, கிண்ணத்தைச் சாய்த்து, பித்தளைப் போகிணியில் சேர்த்து வைத்திருந்தார்கள். பூவிலிருந்து நேராக ஊற்ற வேண்டும், பாத்திரத்தில் விட்டால் சூடு இறங்கிவிடும், அது அவர்களுக்குத் தெரியவில்லை. முதல் கை தண்ணீர் முதுகில் பட்டதும் குழந்தை வீறிட்டது. பிள்ளைக்கு நல்ல தொண்டை என்று சிரித்தார்கள். நான் பார்த்தேன், அதன் தோல் புள்ளி புள்ளியாகச் சிலிர்த்திருந்தது, உதடு கறுத்துக்கொண்டு வந்தது.

தண்ணி ஆறிருச்சு, என்றேன். ஒருவருக்கும் கேட்கவில்லை, குலவையிட்டுக்கொண்டிருந்தார்கள். காந்திமதி இரண்டாவது கையை அள்ளினாள். அவளுக்குக் கேட்டது என்று எனக்குத் தெரியும், காது மடல் சிவந்தது. அண்ணாச்சி ஃபோட்டோக்காரரின் தோளைப் பிடித்து அந்தப் பக்கம் திருப்பினார். நான் மகளைப் பார்த்தேன். அவள் என்னைப் பார்த்தாள், பார்த்துவிட்டுப் போர்வையின் நுனியைச் சரிசெய்ய ஆரம்பித்தாள்.

குலவை ஓய்ந்தது. கல்லுக்குப் பக்கத்திலிருந்து ஓரடி முன்னால் வந்து, சிஸ்டர் பெனடிக்டாவிடம் பாடம் ஒப்பிக்கிற மாதிரி நிமிர்ந்து நின்று, எல்லோருக்கும் கேட்கும்படி சொன்னேன்:

"பிள்ளைக்குக் குளிருது ரஞ்சி. செடியில இன்னும் பூ இருக்கு. ஒண்ணே ஒண்ணு பறிச்சு, ஒரு கை தண்ணி, நான் ஊத்துறேன். கொஞ்சம் வழி விடச் சொல்லும்மா."